முன்னால் வரும் பெயர்

எங்கள் ரப்பர் தோட்டத்தில் குழந்தைகளைப் பார்த்துக்கொள்ளும் பிள்ளைக்காம்பராவுக்கு யாராவது புதிதாக ஒரு குழந்தையைக் கொண்டுவந்தால் ஆயம்மா முதலில் அதன் பெயரைக் கேட்பார். கேட்டுவிட்டு உடனே குழந்தையை வாங்க மாட்டார். தாயின் கையிலேயே விட்டுவிட்டு வெளியே நடப்பார். காம்பராவுக்குக் கீழே ஒற்றையடிப் பாதை பெரிய ரோட்டில் சேரும் இடத்தில் நின்று அந்தப் பெயரை ஒரு தடவை உரக்கக் கூப்பிடுவார். ருவான்வெல்லைக்கு பஸ் பார்த்து நிற்கிறவர்கள், சைக்கிளில் பாண் ரொட்டி கொண்டு போகிறவர், வேலிக்கு அந்தப் பக்கத்துச் சிங்கள வீட்டுக்காரர்கள் என்று அந்த நேரத்தில் எப்போதும் யாராவது இருப்பார்கள். அவர்களுடைய முகங்களைப் பார்ப்பார். ஒருவரும் தலையைத் தூக்கவில்லை என்றால் திரும்பி வந்து குழந்தையை வாங்கிக்கொள்வார். யாராவது திரும்பிப் பார்த்துவிட்டால் அந்தப் பெயர் ஆகாது. குழந்தையைக் கையில் வாங்கும்போதே வேறொரு பெயரைச் சொல்லித்தான் வாங்குவார்.

அம்மாக்கள் எல்லாரும் விடியும் முன்பே ரப்பர் பால் வெட்டப் போய்விடுவார்கள். அவர்கள் திரும்பி வரும்வரை லயத்து வரிசை வீடுகளின் குழந்தைகள் அத்தனையும் அவர் பொறுப்பு. குழந்தைக்குப் பேச்சு வருகிற மாதங்களில் வீட்டில் இருக்கிற நேரத்தைவிடக் காம்பராவில் இருக்கிற நேரம்தான் அதிகம். ஆகவே அவர் கூப்பிட்ட பெயரே நின்றது.

என் தாத்தா பெயர் கறுப்பையா. அவருடைய மகன் முத்துசாமி, என் அப்பா. தாத்தாவின் பெயரைப் பேரனுக்கு வைப்பது எங்கள் வழக்கம். அதனால் நான் பிறந்ததும் கறுப்பையா ஆனேன். அந்தப் பெயர் என்னிடம் சில மாதங்கள் இருந்தது. காம்பராவில் ஆயம்மா என்னை சுனில் என்று வாங்கிக்கொண்டார். அப்பா சண்டைக்குப் போகவில்லை. தமிழர்களைத் தேடி அடித்த கலவரத்தின்போது ரப்பர் காட்டுக்குள் மண்ணோடு மண்ணாகப் படுத்துக் கிடந்தவர்கள்தான் லயத்தில் எல்லாரும். ஏன் என்று அவர்களுக்குச் சொல்லித் தெரிய வேண்டியதில்லை. பள்ளிக்கூடத்தில் சேர்க்கப் போனபோது தலைமையாசிரியர் என்னைக் கறுப்பையா என்று கூப்பிட்டாராம். நான் பின்னால் யாரோ நிற்கிறார்கள் என்று நினைத்துத் திரும்பிப் பார்த்தேனாம். அப்பா தானாகவே சுனில் என்று எழுதிக்கொள்ளச் சொல்லிவிட்டார்.

ஆயம்மா வெளியூர்க்காரர். கலவரம் முடிந்து, வேறு ஏதோ தோட்டத்திலிருந்து ஒரு பையோடு வந்தவர். எந்தத் தோட்டம், எந்த ஊர் என்று அவர் சொன்னதில்லை. கல்யாணம் செய்துகொள்ளவில்லை. மெலிந்து, நிமிர்ந்து நடப்பார். குழந்தைகளைக் கொஞ்ச மாட்டார், அடிக்கவும் மாட்டார். தாலாட்டுப் பாடியதில்லை. அழுகிற குழந்தையைத் தோளில் போட்டுக்கொண்டு, அழுகை நிற்கிறவரைக்கும் சுவரைப் பார்த்துக்கொண்டு நிற்பார். அவருக்கென்று ஒரு பெயர் இருந்தது. அதை லயத்தில் யாரும் புழங்கவில்லை. நானும் இங்கே எழுதவில்லை.

பேசத் தெரிந்த குழந்தைகளுக்கு அவர் ஒன்றே ஒன்றுதான் கற்றுக்கொடுத்தார். சாப்பாட்டுத் தட்டை நீட்டும்போது திடீரென்று குரலைத் தடிப்பாக்கி, ஓர் ஆண்பிள்ளையின் குரலில் "நம மொகக்த?" என்று சிங்களத்தில் பெயர் கேட்பார். உடனே சிங்களத்தில் பதில் சொல்ல வேண்டும். சொன்னால் தட்டு கைக்கு வரும். வீட்டில் கூப்பிடுகிற பெயரைச் சொல்கிற குழந்தைக்கும், பயந்து முழிக்கிற குழந்தைக்கும் தட்டு வராது. கோபப்பட மாட்டார். தட்டைப் பிடித்தபடியே நின்று மறுபடியும் அதே குரலில் கேட்பார். என் வயதுக்காரர்கள் எல்லாருக்கும் அந்தக் குரல் நினைவிருக்கிறது. ஒன்றிரண்டு பேர் அதைக் கனவில் கேட்டதாகச் சொன்னார்கள்.

நான் உயர்தரப் பரீட்சை எழுதிய வருடம் ஒரு வேலையாகக் கொழும்புக்குப் போனேன். யுத்த காலம், அவிசாவளையைத் தாண்டி ஓரிடத்தில் இராணுவத்தினர் பஸ்ஸை நிறுத்திச் சோதித்தார்கள். சிப்பாய் என்னிடம் பெயர் கேட்டான். சுனில் என்றேன். காம்பராவில் பழகிய பதில், தடுமாறாமல் வந்தது. அடையாள அட்டையைத் திருப்பிக் கொடுக்கக் கையை நீட்டியவன் எதற்கோ இன்னொரு தடவை பார்த்தான். பெயருக்கு முன்னால் இருந்ததை மெதுவாக வாசித்தான். முத்துசாமி. இறங்கச் சொன்னான்.

அடிக்கவில்லை. எதுவும் கேட்கவும் இல்லை. ரோட்டோரத்தில் நிற்க வைத்தார்கள். பஸ் போய்விட்டது. வெயில் சாயும்போது போகலாம் என்றார்கள். கொழும்புக்குப் போகாமல் வீட்டுக்குத் திரும்பினேன்.

ஆயம்மா இதைக் கேள்விப்பட்டு எங்கள் வீட்டு வாசலுக்கு வந்தார். உள்ளே வரச் சொல்லியும் வரவில்லை. நடந்ததை முதலிலிருந்து சொல்லச் சொன்னார். சிப்பாய் முதலில் எதை வாசித்தான், பிறகு எதை வாசித்தான் என்று கேட்டார். அப்பா பக்கத்தில்தான் இருந்தார்.

"உன் பேரை நான் பாத்துக்கிட்டேன். உங்கப்பா பேரை என்னால ஒன்னும் செய்ய முடியலப்பா" என்றார்.

சிங்களவர்களுக்கு வாசகம என்று ஒரு குடும்பப் பெயர் தலைமுறை தலைமுறையாக மாறாமல் வரும். நமக்கு அப்படி இல்லை, அப்பாவின் பெயர்தான் முன்னால் நிற்கும். மகனுக்கு ஒரு பிள்ளை பிறந்தால் மகனின் பெயர் முன்னுக்கு வந்துவிடும், தாத்தாவின் பெயர் விழுந்துவிடும். இதை அவர் அன்று விரல்விட்டுக் காட்டினார். கறுப்பையா விழுந்தாயிற்று. அடுத்தது முத்துசாமி விழும்.

"உன் புள்ளைங்களுக்கு முன்னால சுனில்னு வரும். அதுக்கப்புறம் யாரும் நிறுத்த மாட்டாங்க."

அப்பா கீழே பார்த்துக்கொண்டிருந்தார். உயிரோடு இருக்கும்போதே ஒரு மனிதரின் பெயர் எப்போது விழும் என்று அவர் முன்னாலேயே கணக்குப் போட்டாயிற்று. அதில் ஆயம்மாவுக்குத் தவறாக எதுவும் தெரியவில்லை. ஆயம்மா இத்தனை வருடங்களாகப் பெயர் வைத்தது எங்களுக்கு இல்லை, எங்களுக்குப் பிறக்கப்போகிறவர்களுக்கு என்பது எனக்கு அன்றுதான் புரிந்தது.

அவரோடு இந்த விஷயத்தில் நேருக்கு நேர் பேசியவர் ஒருவர் உண்டு. நான் சிறு வகுப்பில் படிக்கும்போது வடக்கிலிருந்து எங்கள் பள்ளிக்கூடத்துக்குத் தமிழ் படிப்பிக்க வந்த சேர். நல்ல மனிதர். ஒவ்வொரு நாளும் வகுப்பில் ஒரு பிள்ளையின் பெயரைக் கரும்பலகையில் எழுதி, அது எங்கிருந்து வந்த சொல், என்ன கருத்து என்று சொல்லுவார். என் முறை வந்தபோது பெயரை எழுதிவிட்டுக் கொஞ்ச நேரம் யோசித்தார்.

"சுனில் எண்டால் கருநீலம். உன்ர அப்பப்பான்ர பேர் என்ன?"

கறுப்பையா என்றேன்.

"அப்ப பெரிசா ஒண்டும் மாறேல்லை. அவரும் கறுப்பு, நீயும் கிட்டத்தட்ட அதுதான்."

வகுப்பு சிரித்தது. வீட்டுக்கு வந்து அப்பாவிடம் சொன்னேன். இன்னொரு தடவை சொல்லச் சொன்னார். அதன் பிறகு அந்த சேரை எங்கே பார்த்தாலும் அப்பா தலைத்துணியை அவிழ்ப்பார்.

சேருடைய வகுப்பில் பாதிப் பெயர்கள் ஒரே மாதிரி இருந்தன. சுனில், ரஞ்சித், நிமல், குமாரி, மாலினி, சாந்தி. தமிழர்களும் வைப்பார்கள், சிங்களவர்களும் வைப்பார்கள். விசாரித்தபோது எல்லாரும் காம்பராவைக் காட்டினார்கள். ஒருநாள் இடைவேளையில் சேர் அங்கே போனார். எங்களில் சிலரும் பின்னால் போனோம். பிள்ளைகளுக்கு ஏன் இப்படிப் பெயர் வைக்கிறீர்கள் என்று மரியாதையாகத்தான் கேட்டார். கூப்பிட வசதியாக இருக்கும் என்று ஆயம்மா சொன்னார். சேர் விடவில்லை. ஒரு இனத்தின் பெயர் போனால் பேச்சும் போய்விடும், பேச்சு போனால் பிறகு எதுவும் மிஞ்சாது என்று விளக்கினார்.

"இப்பிடியே போனால் இன்னும் இருவது வருசத்தில இஞ்ச தமிழ் ஆக்கள் எண்டு ஒருத்தரும் இருக்க மாட்டினம்" என்றார்.

"ஆளு இருப்பாங்க சேர்" என்றார் ஆயம்மா.

சேர் வணக்கம் சொல்லிவிட்டு வந்தார்.

சேருடைய பெயர் நீளமானது. கோயில் தேர் மாதிரி, நின்று நின்றுதான் வாசிக்க முடியும். அதே வருடம் ஒருநாள் அவர் பஸ்ஸில் வரும்போது அந்தப் பெயருக்காக இறக்கிக் கூட்டிப்போனார்கள். சில நாட்கள் பள்ளிக்கூடத்துக்கு வரவில்லை. திரும்பி வந்த அன்று சட்டை தொளதொளவென்று இருந்தது. வந்ததும் கரும்பலகையில் தன்னுடைய பெயரை எழுதினார். ஒவ்வொரு துண்டாகப் பிரித்து, எல்லாவற்றுக்கும் கருத்துச் சொன்னார். குரல் வழக்கம்போல இருந்தது. அன்று இடைவேளைக்கு ஆயம்மா காம்பராவை அப்படியே விட்டுவிட்டு, ஒரு கோப்பைத் தேநீரோடு பள்ளிக்கூடத்துக்கு வந்தார். சேர் எழுந்து நின்று வாங்கிக் குடித்தார். மாற்றலாகிப் போகும்வரை அவருக்கு இடைவேளைத் தேநீர் காம்பராவிலிருந்துதான் வந்தது.

தோட்டத்தில் ஒரே ஒரு தாய்தான் ஆயம்மாவுக்கு மசியவில்லை. எங்கள் பக்கத்து லயத்து மாரியாயி. மகளுக்குத் தன் குலசாமியின் பெயரை வைத்திருந்தாள், பேச்சியம்மா என்று. ரோட்டில் நின்று கூப்பிட்டபோது பஸ்ஸுக்கு நின்ற அத்தனை பேரும் திரும்பிப் பார்த்தார்களாம். ஆயம்மா வேறு பெயர் சொன்னார். மாரியாயி முடியாது என்றாள். அவள் கொண்டுவந்த குழந்தையை ஆயம்மா மறுக்கவில்லை, வாங்கிக்கொண்டார். குளிப்பாட்டினார், ஊட்டினார், காய்ச்சல் வந்தபோது மடியிலேயே வைத்திருந்தார். ஆனால் பெயர் சொல்லிக் கூப்பிடவில்லை. மற்றவர்களுக்கெல்லாம் பெயர், அதற்கு மட்டும் "புள்ள". அந்தக் குழந்தை யாருடைய பெயரைக் கூப்பிட்டாலும் தன்னைத்தான் என்று எழுந்து ஓடும்.

அதை மாரியாயி ஒருநாள் கண்ணால் பார்த்துவிட்டாள். அன்று சாயங்காலம் பீலியில் தண்ணீர் பிடிக்க எல்லாரும் நின்றபோது ஆயம்மாவைப் பிடித்துக்கொண்டாள். என் பிள்ளை என்ன நாய்க்குட்டியா, பெயர் சொல்லிக் கூப்பிட்டால் வாய் வெந்துவிடுமா என்று கேட்டாள். ஆயம்மா வாளியை வைத்தபடி நின்றார். அவர் பேசாமல் நிற்க நிற்க மாரியாயிக்குக் குரல் ஏறியது. அவளுடைய சின்னம்மா ஒருத்தி வேறு தோட்டத்தில் வாக்கப்பட்டிருந்தாள். அங்கே கேட்ட கதை அவளிடம் இருந்தது.

"பேரச் சொல்லிக் கூப்பிட்டுத் தம்பிய சாவக் குடுத்தவங்கதானே நீங்க" என்றாள்.

ஆயம்மாவின் வாளி நிறைந்து வழிந்துகொண்டிருந்தது. அவர் அதைத் தூக்கிக்கொண்டு, அடுத்தவருக்கு இடம் விட்டு, மேட்டில் ஏறிப் போனார். மாரியாயி அங்கேயே உட்கார்ந்து அழுதாள். மறுநாள் காலையில் காம்பரா வழக்கம்போலத் திறந்தது. பேச்சியம்மா பள்ளிக்கூடம் போகிறவரைக்கும் "புள்ள"தான்.

வருடங்கள் போயின. யுத்தம் முடிந்தது. தோட்டத்தில் வேலை குறைந்தது, பிள்ளைகள் கொழும்புக்கும் வெளிநாட்டுக்கும் போனார்கள். சேர் சொன்னதும் நடந்தது, ஆயம்மா சொன்னதும் நடந்தது. என்னோடு ஒரே பாயில் தூங்கிய ரஞ்சித் அரநாயக்கப் பக்கம் ஒரு சிங்களப் பெண்ணைக் கட்டினான். மனைவி வீட்டு வாசகமவைத் தன் பெயருக்கு முன்னால் எழுதிக்கொண்டான். அவன் பிள்ளைகளுக்குத் தமிழ் தெரியாது. அவனுக்கே தமிழில் பேசும்போது சொற்கள் தடுக்கும். ஆயம்மாவிடம் இதைச் சொன்னபோது, நல்லா இருக்கானா என்று மட்டும் கேட்டார். நல்லா இருக்கான் என்றேன்.

நான் ஆசிரியராகி, ஹட்டன் பக்கத்தில் கல்யாணம் செய்தேன். அங்கே எங்கு பார்த்தாலும் தமிழர்கள். என் மனைவிக்கு பஸ்ஸில் பெயர் சொல்லப் பயந்த பழக்கம் கிடையாது. மகள் பிறந்ததும், கருத்துள்ள தமிழ்ப் பெயராக வேண்டும் என்று அவளே தேடி வைத்தாள். எழிலரசி. எனக்கும் பிடித்திருந்தது. ஆனால் குழந்தையை ஆயம்மாவிடம் காட்டக் கொண்டுபோகும்போது வழி நெடுக நான் அந்தப் பெயரைச் சொல்லிக் கூப்பிடவில்லை.

அப்போது அவர் வேலையிலிருந்து நின்று பல வருடங்கள் ஆகிவிட்டன. முழங்கால் வீங்கி, லயத்து வீட்டை விட்டு வெளியே வருவதில்லை. குழந்தையை மடியில் வாங்கிக்கொண்டு பெயர் கேட்டார். மனைவி சொன்னாள், கருத்தையும் சேர்த்துச் சொன்னாள். ஆயம்மா கேட்டுக்கொண்டார்.

"முன்னால?"

"சுனில்" என்றேன்.

"சுனில் எழிலரசி" என்று தனக்குள் சொல்லிப் பார்த்தார். "முன்னால சுனில் நிக்குதில்ல. அது போதும். பின்னால என்னா வேணும்னாலும் இருக்கட்டும்."

பிறகு நாங்கள் கேட்காமலே சொன்னார். குழந்தையின் காலைத் தடவிக்கொண்டு, யாரோ ஒருவருக்கு நடந்ததைச் சொல்வதுபோலத்தான் சொன்னார். அவருடைய தம்பி கடைவீதியில் ஒரு சிங்களவரின் பேக்கரியில் வேலை செய்தான். அவனுக்குச் சிங்களம் தண்ணீர்பட்ட பாடு. முதலாளி அவனை மல்லி என்றுதான் கூப்பிடுவார், தம்பி என்று. கலவரம் கடைவீதிக்கு வந்த அன்று முதலாளி தன்னுடைய சட்டையை அவனுக்குப் போட்டுவிட்டு, பஸ்ஸுக்கு நிற்கிற கூட்டத்தோடு கூட்டமாகப் போய் நிற்கச் சொன்னார். பஸ் வந்ததும் ஏறிப் போய்விட வேண்டும். அவன் அப்படியே நின்றான். யாருக்கும் அவனைத் தெரியவில்லை. புகையைப் பார்த்துவிட்டு ஆயம்மா தோட்டத்துக் குறுக்குப் பாதையால் ஓடி வந்தார். ரோட்டுக்கு இந்தப் பக்கத்திலிருந்து அவனுடைய முதுகைக் கண்டார்.

"பேரச் சொல்லிக் கூப்பிட்டேன். முழுப் பேரும். அவன் திரும்பாம நின்னுருக்கலாம். கூப்பிட்டா திரும்புறதுதானே பழக்கம்."

குழந்தை சிணுங்கியது. தோளுக்கு மாற்றிக்கொண்டார்.

"மல்லின்னு கூப்பிட்டிருந்தா அங்க நின்ன எல்லாருந்தான் திரும்பியிருப்பாங்க."

உங்களை ஒன்றும் செய்யவில்லையா என்று என் மனைவி கேட்டாள். "என்னைய யாரும் தொடல" என்றார். முதலாளி கையெடுத்துக் கும்பிட்டுக்கொண்டு, அவனைச் சூழ்ந்த கூட்டத்துக்குள் போனாராம். அவரையும் தள்ளிவிட்டார்களாம். அவ்வளவுதான் சொன்னார். அழவில்லை. மனைவிதான் அழுதாள். அவள் அழுகிறதைப் பார்த்துவிட்டு ஆயம்மா, தேத்தண்ணி ஊற்ற வேண்டும் என்று எழுந்திருக்கப் பார்த்தார்.

இரண்டு மழைக்காலம் கழித்து அவர் இறந்துபோனார். காலையில் கதவு திறக்கவில்லை என்று பக்கத்து வீட்டுக்காரர்கள் பார்த்திருக்கிறார்கள். சொல்லி அனுப்புவதற்குச் சொந்தம் என்று யாரும் இல்லை. பிள்ளைக்காம்பராவில் வளர்ந்தவர்கள் வந்தோம். ரஞ்சித் அரநாயக்கவிலிருந்து மனைவியோடும் பிள்ளைகளோடும் வெள்ளை உடுத்தி வந்தான். மாரியாயி கிழவியாகிவிட்டாள். குளிப்பாட்டும்போது யாரையும் கிட்ட விடவில்லை, அவளே எல்லாவற்றையும் செய்தாள்.

கருமாதியை ஆற்றங்கரையில் வைத்தோம். கொள்ளி வைத்தவன் ரஞ்சித் என்பதால் அவன்தான் கையில் தர்ப்பையோடு உட்கார்ந்திருந்தான். பூசாரி சொல்வது அவனுக்குப் பாதி விளங்கவில்லை. நான் பக்கத்தில் உட்கார்ந்து சொல்லச் சொல்ல, அவன் திருப்பிச் சொன்னான். ஆயம்மாவுக்கு எள்ளும் தண்ணீரும் விட்டாயிற்று. அவருக்கு முன்னால் போனவர்களுக்கும் விட வேண்டும், பெயர் சொல்லுங்கள் என்றார் பூசாரி. தகப்பன் பெயர் அடையாள அட்டையில் ஆயம்மாவின் பெயருக்கு முன்னால் இருந்தது. மாயாண்டி. அவருக்கு விட்டோம். தாயின் பெயர் தெரியவில்லை, தாய் என்று சொல்லி விட்டோம். அடுத்து யார் என்றார்.

ஒரு தம்பி இருந்தார் என்றேன்.

"பேரு?"

என்னிடம் சொன்ன அன்றும் ஆயம்மா பெயரைச் சொல்லிக் கூப்பிட்டதாகத்தான் சொன்னார். பெயர் என்னவென்று சொல்லவில்லை. நான் கரையில் நின்றவர்களைப் பார்த்தேன். குமாரி, நிமல், சாந்தி, மாலினி. ஒருவருக்கும் தெரியவில்லை. மாரியாயியிடம் போய்க் கேட்டார்கள்.

"பேக்கரித் தம்பின்னுதான் எங்க சின்னம்மா சொன்னாங்க. பேரு எனக்குத் தெரியாதுப்பா."

பூசாரி செம்பைப் பிடித்தபடி காத்திருந்தார். வெயில் ஏறிக்கொண்டிருந்தது. அவர் தப்பாக நினைக்கவில்லை, எத்தனையோ இடத்தில் இப்படி ஆகும் என்றார். முன்னால் வருகிற பெயர் தெரிந்தால் போதும், அதைச் சொல்லி மகன் என்று சொல்லலாம் என்றார்.

"மாயாண்டி மகன்" என்றேன்.

"மாயாண்டி மகன்" என்றான் ரஞ்சித். மாயாண்டியை அவன் சிங்களத்தில் சொல்வதுபோல இழுத்துத்தான் சொன்னான். பூசாரி திருத்தவில்லை. எள்ளைக் கையில் போட்டுத் தண்ணீரை ஊற்றினார். அது ரஞ்சித்தின் விரல் வழியாக வழிந்து மண்ணில் போனது.

அடுத்து யார் என்று பூசாரி கேட்டார். வேறு யாரும் இல்லை என்றோம்.